திரைக்குப் போட்ட படையல்

நீங்கள் ஜன்னல் ஓரமாக உட்கார்ந்துகொள்ளுங்கள் அம்மா. பிள்ளையை மடியில் கிடத்த எனக்கு இந்த இடம் போதும். வண்டி இப்போதைக்குக் கிளம்பாது. டிரைவர் வாளியைத் தூக்கிக்கொண்டு கிணற்றுப் பக்கம் போகிறார், பாருங்கள். தண்ணீர் ஊற்றாமல் இந்த என்ஜின் ஓச்சேரியைத் தாண்டாதாம்.

முன்பின் தெரியாதவர்களோடு நான் பேசுகிறவள் இல்லை. கடையில் உப்பு கேட்கவே எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். உங்கள் கயிற்றில் தாலிக்குப் பக்கத்தில் குட்டியாக இன்னொரு பொட்டு தெரிந்தது. அதைப் பார்த்துத்தான் வாயைத் திறந்தேன். மூத்தவளுக்கு என்று கோத்ததுதானே அது? நீங்களும் இரண்டாம் தாரமாகப் போனவர்தானே? தப்பாக நினைக்காதீர்கள். எனக்கு அந்தப் பொட்டைக் கோக்கவில்லை. மூத்தவளுக்குப் புடவை வைத்துப் படைக்கவும் இல்லை. வினையெல்லாம் அங்கே ஆரம்பித்தது.

என் பேர் பூங்காவனம். வாக்கப்பட்டது காஞ்சிபுரத்தில். மூன்றாம் வகுப்போடு நிறுத்திவிட்டார்கள், எழுத்துக்கூட்டி வாசிப்பேன். எங்கள் வீட்டுக்காரர் டெண்டுக் கொட்டகையில் படம் விளக்குகிறவராக இருந்தார். இப்போதுதான் பேசும் படம் வந்திருக்கிறது என்கிறார்கள், எங்கள் ஊர்க் கொட்டகையில் கடைசி வரைக்கும் பேசாத படம்தான். திரையில் வாய் அசையும், சத்தம் வராது. எழுத்துப் போடுவார்கள். எனக்கு ஒரு வார்த்தை கூட்டி முடிப்பதற்குள் எழுத்து போய்விடும். அதனால் திரைக்குப் பக்கத்தில் இருட்டில் ஓர் ஆள் நின்று, கையில் மணியை வைத்துக்கொண்டு, யார் யாரிடம் என்ன சொல்கிறார்கள் என்று சத்தமாகச் சொல்லுவார். அந்த ஆள்தான் அவர்.

வீட்டில் அவர் பேசவே மாட்டார். கோபக்காரர் இல்லை, அடித்ததில்லை, ஒரு குறை சொன்னதில்லை. என்னை 'இந்தா' என்பார். 'இந்தா, தண்ணி.' 'இந்தா, கதவைச் சாத்திக்கோ.' என் பேரை அவர் வாயால் நான் கேட்டதில்லை. நான் அவர் பேரைச் சொல்லக்கூடாது, சரி. அவர் என் பேரைச் சொன்னால் என்ன குறைந்துவிடும்?

எதிர்வீட்டுக் கன்னியம்மாதான் ஒருநாள் சொன்னாள்: "ஏண்டி பூங்காவனம், உன் வூட்டுக்காரரு கொட்டாயில பேசற பேச்சுக்கு ஊரே மணல்ல உருளுது. நீ என்னமோ ஊமைக்கு வாக்கப்பட்டவளாட்டம் மூஞ்ச வெச்சிக்கினு கீறியே. வா, நான் இட்டுனு போறேன்."

அவர் என்னைக் கொட்டகைக்கு வரவேண்டாம் என்று சொல்லியிருந்தார். ஏன் என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. அப்போது எனக்கு நாலு மாசம், முகத்தை மூடிக்கொண்டு முதல் ஆட்டத்துக்குப் போனேன். பெண்கள் பக்கம் கயிறு கட்டியிருந்தது. பெரிய படம் ஆரம்பிக்கும் முன்னே பத்து நிமிஷத்துக்கு ஒரு சிரிப்புப் படம் போட்டார்கள்.

விளக்கு அணைந்தது. திரையில் எங்கள் கொல்லை வந்தது.

எங்கள் கொல்லைதான் அம்மா. எங்கள் கிணறு. எங்கள் துவைக்கிற கல். அதற்கு இந்தப் பக்கம் மூன்று தட்டி வைத்து, மேலே கூரை இல்லாமல் ஒரு சமையலறை. கொட்டகை முதலாளியே அங்கே வைத்து எடுத்த படமாம். அந்தக் காலத்தில் வெயிலில்தான் படம் பிடிக்க முடியுமாம், அதனால் சமையல்கட்டையே வெளியில் கட்டிவிட்டார்கள். அடுப்பில் ஏற்றியிருந்தது என் குண்டான். பக்கத்தில் தொங்கினது என் வீட்டு உறி. உள்ளே நின்றவர் எங்கள் வீட்டுக்காரர், மீசையில்லாமல், பொடியனாட்டம். அவர் பக்கத்தில் ஒருத்தி.

"யாருடி அது?" என்றேன்.

கன்னியம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "உனக்குத் தெரியாதா? அதான் தனபாக்கியம். மூத்தவ."

வாந்திபேதியில் இரண்டே நாளில் போனவள். கழுத்தில் தாலியோடு, மஞ்சளும் பூவுமாய்ப் போனவள். வீட்டில் அவளுக்கு ஒரு போட்டோ கிடையாது. நான் வந்த அன்றே சுவரெல்லாம் தேடிப் பார்த்துவிட்டேன். இருந்ததெல்லாம் இதுதான் போலிருக்கிறது, தினமும் பொழுது சாய்ந்தால் பத்து நிமிஷம்.

கதை என்ன கதை. வீட்டு வேலை ஒரு வேலையா என்று புருஷன் சொல்கிறான். அப்படியானால் நீயே செய் என்று அவள் தலையில் முண்டாசு கட்டிக்கொண்டு சாய்வு நாற்காலியில் போய்ச் சாய்கிறாள், பத்திரிகையைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு. அவன் வேட்டியை மடித்துக் கட்டி உள்ளே போகிறான். தொட்டில் கயிற்றைக் கால் கட்டைவிரலில் கட்டிக்கொண்டு அடுப்பு ஊதுகிறான். ஊதுகிற வேகத்தில் காலை உதறுகிறான், தொட்டில் ஆகாசத்துக்குப் போகிறது. தொட்டிலில் துணிப் பொம்மைதான், ஆனாலும் நான் வயிற்றில் கையை வைத்துக்கொண்டேன். மாவு தலையில் கொட்டுகிறது. காப்பி என்று ஏதோ கொண்டுபோய்க் கொடுக்கிறான். அவள் ஒரு வாய் குடித்துவிட்டு அவன் மேலேயே துப்புகிறாள், குண்டானைத் தூக்கி எறிகிறாள். குண்டான் துவைக்கிற கல்லில் பட்டு நசுங்குகிறது.

எங்கள் வீட்டுக் குண்டானில் ஒரு நசுங்கல் உண்டு. யார் கீழே போட்டதோ என்று இரண்டு வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

இதற்கெல்லாம் அவர் இருட்டில் நின்று இரண்டு குரலிலும் பேசினார். தன் குரலில், "தனம், உப்பு எங்கடி வெச்ச?" என்பார். உடனே மூக்கால், பெண் குரலில், "அடுப்படியிலதான்யா, உன் மூளைக்குப் பக்கத்துல. ரெண்டும் சின்ன டப்பாதான், பாத்து எடு" என்பார். கொட்டகையே புரண்டது. கன்னியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். நான் சிரிக்கவில்லை. என்னிடம் பத்து வார்த்தை பேசாத மனிதர் அங்கே செத்தவளோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தார், தினமும், இரண்டு ஆட்டம்.

கடைசியில் அவள் கரண்டியை நீட்டிக்கொண்டு நேரே நம்மைப் பார்த்துச் சிரிப்பாள். கொட்டகையில் அத்தனை பேர் இருந்தார்கள். அவள் என்னைத்தான் பார்த்தாள்.

அதற்குப் பிறகு வீட்டில் எனக்கு நிம்மதி இல்லை. குண்டானைத் தொட்டால் கை கூசும். கொல்லைப் பக்கம் தனியாகப் போகமாட்டேன். நம்பமாட்டீர்கள், மத்தியான நேரத்தில் கொல்லையில் ஒரு பெண்பிள்ளை மெதுவாகப் பேசுவது கேட்கும். மூக்குக் குரல் இல்லை, கிண்டல் இல்லை, சாதாரணமாக வீட்டில் பேசுகிற மாதிரி. என் காதால் மூன்று நாலு தடவை கேட்டிருக்கிறேன். ஓடிப்போய் எட்டிப் பார்த்தால் யாரும் இருக்கமாட்டார்கள். அவர் மட்டும் கிணற்றடியில் உட்கார்ந்து முகம் சவரம் செய்துகொண்டிருப்பார்.

இவள் பிறந்தாள். பிறந்த பதினோராம் நாள் அவர் என்னிடம் ஒன்றே ஒன்று கேட்டார். கல்யாணம் ஆனதிலிருந்து அவர் கேட்டது அது ஒன்றுதான். "தனபாக்கியம்னு பேர் வெக்கலாமா?"

முடியாது என்றேன். எனக்கு அவ்வளவு தைரியம் எங்கிருந்து வந்ததோ. நான் பெற்ற பிள்ளையை அவர் அந்தப் பேர் சொல்லிக் கொஞ்சுவார், நான் அடுப்படியில் நின்று கேட்டுக்கொண்டிருக்க வேண்டுமா? நீங்களே சொல்லுங்கள். அவர் தலையை ஆட்டிவிட்டு எழுந்துபோனார். அதற்கப்புறம் வேறு பேர் வைக்கலாம் என்று அவரும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. பாப்பா, பாப்பா என்றே எட்டு மாசம் ஓடியது.

எட்டாம் மாசம் பிள்ளை பால் குடிப்பதை நிறுத்தியது. வாயை வைக்கும், இரண்டு தரம் உறிஞ்சும், முகத்தைத் திருப்பிக்கொண்டு அழும். கை கால் எல்லாம் குச்சியாகிவிட்டது. தர்மாஸ்பத்திரியில் ஒரு பாட்டில் மருந்து கொடுத்தார்கள். பாட்டில் தீர்ந்தது, பிள்ளை தேறவில்லை. அவர் இரண்டு வைத்தியரைக் கூட்டிவந்தார். பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு கொல்லையில் நடப்பார், நடப்பார். நான் கதவோரம் நின்று பார்ப்பேன். பிள்ளை அவர் தோள் வழியாகக் கிணற்றுப் பக்கம் பார்க்கும், அந்தத் தட்டிச் சமையலறை இருந்த இடத்தையே பார்க்கும்.

கன்னியம்மா வந்து பிள்ளையைத் தொட்டுப் பார்த்துவிட்டுக் கேட்டாள், "மூத்தவளுக்குப் படைச்சியாடி?"

"இல்லையே."

"ஒரு பொடவ வெச்சி, பூ வெச்சி?"

"கல்யாணத்தப்பவே அவர் வேணாம்னுட்டாரு. அவள சாமியாக்காதீங்கன்னு சொன்னாராம்."

"நல்லா சொன்னாரு. பூவோட பொட்டோட போனவ வாசல்ல நிக்கறா, ஒரு வாய் சோறு போடாம நீ குடுத்தனம் பண்ற. அவ பேரையும் வேணாம்னுட்ட. அப்புறம் எப்படிடி பால் எறங்கும்?"

படைக்க வேண்டுமானால் எதற்கு முன்னால் படைப்பது? போட்டோ இல்லை. கலசம் வைத்துப் படைக்கலாம் என்றாள் கன்னியம்மா. எனக்கு மனசு ஒப்பவில்லை. முகமே தெரியாதவர்களுக்குத்தான் கலசம். அக்காவுக்கு முகம் இருக்கிறதே, கை கால் இருக்கிறதே, தினமும் கொட்டகையில் வந்து நிற்கிறாளே.

அந்த வெள்ளிக்கிழமை தலைக்குக் குளித்தேன். அந்தக் குண்டானிலேயே சர்க்கரைப் பொங்கல் வைத்தேன். எனக்குப் பிறந்த வீட்டில் கொடுத்த அரக்குப் புடவை உடுத்தாமலே இருந்தது, அதை எடுத்துக்கொண்டேன். வளையல், மஞ்சள், குங்குமம், நாலு முழம் பூ, வாழை இலை. எல்லாவற்றையும் ஒரு கூடையில் வைத்துத் துணியால் மூடி, பிள்ளையை இடுப்பில் தூக்கிக்கொண்டு முதல் ஆட்டத்துக்குப் போனேன். கன்னியம்மாவிடம்கூடச் சொல்லவில்லை.

விளக்கு அணைந்ததும் கயிற்றைக் குனிந்து தாண்டினேன். தரையில் உட்கார்ந்திருந்தவர்கள் கால் மேலெல்லாம் மிதித்துக்கொண்டு முன்னால் போனேன். "ஏம்மா, கண்ணு தெரியல?" என்று ஒருவர். "படத்துல நடிக்கப் போவுது போல, வுடுப்பா" என்று இன்னொருவர். திரைக்கு நேர் முன்னால் மணலில் இலையைப் போட்டேன். புடவையை வைத்தேன், பூவை வைத்தேன், பொங்கலைப் போட்டேன். பிள்ளையை இலைக்குப் பக்கத்தில் மணலிலேயே கிடத்தினேன். கற்பூரத்தை ஏற்றினேன்.

கொட்டகையில் சிரிப்பு. அதுவும் விளையாட்டு என்று நினைத்துவிட்டார்கள். பின்னால் முதலாளி பொன்னுரங்கம் கத்தினார், "யார்ரா அது நெருப்பு வெக்கறது? துணிடா அது, பத்திக்கினா கூடாரமே போயிடும். யோவ், என்னான்னு பாருய்யா." யோவ் என்றது எங்கள் வீட்டுக்காரரை. அவர் பேசிக்கொண்டிருந்தது நின்றது. மணி நின்றது. மெஷின் ஓடுகிற சத்தம் மட்டும் கேட்டது.

நான் தலையை நிமிர்த்தினேன். அவ்வளவு கிட்டத்தில் பார்த்தால் அவள் முகம் ஒரு வீட்டுச் சுவர் அளவு இருந்தது. நாற்காலியில் சாய்ந்து பத்திரிகை படித்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா," என்றேன். என் குரல் எனக்கே கேட்டது அன்றைக்குத்தான். "அக்கா, நான் பூங்காவனம். உன் வூட்ல இருக்கேன். உன் குண்டான்ல ஆக்கறேன். உன் பேர வெக்கலன்னு எம்புள்ளைய வாட்டாத. பேர வெக்கறேன். நீ கேக்கறது எல்லாம் குடுக்கறேன். இது ஒண்ண வுட்டுடு."

அப்போது அவள் பத்திரிகையை இறக்கினாள். தினமும் அந்த இடத்தில் இறக்குவாள்தான், எனக்குத் தெரியும். உள்ளே என்ன சத்தம் என்று எட்டிப் பார்ப்பாள். ஆனால் அன்றைக்கு இறக்கிவிட்டு என்னைப் பார்த்தாள். வாய் அசைந்தது. குரலும் வந்தது.

"எழுந்திரு, பூங்காவனம்."

மெல்லிசான குரல். கொல்லையில் கேட்ட அதே குரல்.

"புள்ள மணல்ல கெடக்கு பாரு, தூக்கிக்கோ. எனக்கு உம்மேல என்ன கோவம்? நீ இன்னா பண்ண எனக்கு? பேரு உன் இஷ்டம். எம்பேரு வேணாம்." கொஞ்சம் நின்றது. மூச்சு வாங்குகிற மாதிரி இருந்தது. "நீ சரியா சாப்பிடறதில்ல. அடுப்படியில நின்னுகினே பழையத முழுங்கற. அவன் தின்னது போக மிச்சத்தத் திங்கற. ஒடம்புல ஒண்ணும் இல்லாம பால் எங்கேர்ந்து வரும்? மொதல்ல நீ சாப்பிடு கண்ணு. அவன் அப்புறம் துன்னட்டும். அழாத. வூட்டுக்குப் போ."

அவ்வளவுதான். திரையில் அவள் எழுந்து உள்ளே போய்விட்டாள். கதை எப்போதும்போல் ஓடியது, மாவு கொட்டியது, குண்டான் பறந்தது, ஒருவரும் சிரிக்கவில்லை. பெண்கள் பக்கத்தில் யாரோ குலவை போட்டார்கள். ஒரு கிழவி வந்து என் இலையிலிருந்து குங்குமத்தை எடுத்துத் தாலியில் வைத்துக்கொண்டு போனாள்.

நீங்கள் யோசித்துப் பாருங்கள். நான் அடுப்படியில் நின்றபடி தின்பது யாருக்குத் தெரியும்? கன்னியம்மாவுக்குத் தெரியாது. எங்கள் அம்மாவுக்குத் தெரியாது. அந்த வீட்டுக்குள்ளேயே இருந்து பார்த்தவளுக்குத்தானே தெரியும்?

மறுநாளிலிருந்து நான் முதலில் சாப்பிட்டேன். வெட்கமாகத்தான் இருந்தது. சுடுசோறு, பருப்பு, ஒரு கரண்டி நெய். நான் முடிக்கிற வரைக்கும் அவர் வாசலில் நின்றுகொண்டிருப்பார். பத்து நாளில் மார் கனத்தது. பிள்ளை குடித்தது. இப்போது பாருங்கள், இந்தத் தொடையைத் தொட்டுப் பாருங்கள், எப்படி இருக்கிறாள். அக்கா வேண்டாம் என்று சொன்னாலும் எனக்கு மனசு கேட்கவில்லை. தனபாக்கியம் என்றே பேர் வைத்துவிட்டேன். அவருக்கும் சந்தோஷமாக இருக்கும் என்று நினைத்தேன். நான் முதல் தடவை அந்தப் பேரைச் சொல்லிப் பிள்ளையைக் கூப்பிட்டபோது அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். கையைக் கழுவிக்கொண்டு கொல்லைக்குப் போய்விட்டார். இன்று வரைக்கும் அவர் பாப்பா என்றுதான் கூப்பிடுகிறார்.

கொட்டகைக்கும் அவர் அதற்கப்புறம் போகவில்லை. பொன்னுரங்கம் வீட்டுக்கே வந்து பார்த்தார். சனிக்கிழமையிலிருந்து பெண்கள் பூவோடு வருகிறார்களாம், அம்மன் படம் போட்டால்கூட அவ்வளவு கூட்டம் வராதாம். "நீ வந்து அந்த ரெண்டு வார்த்த பேசிட்டுப் போயா, போதும்" என்று கெஞ்சினார். எந்த இரண்டு வார்த்தை என்று எனக்குப் புரியவில்லை. இவர் தலையைக்கூட நிமிர்த்தவில்லை. "முடிஞ்சிடுச்சி அண்ணே" என்றார், அவ்வளவுதான். ரயிலடி சரக்குக் கொட்டகையில் மூட்டைக்குக் குறி போடுகிற வேலைக்குப் போய்விட்டார். கூடாரத்தைப் பிரித்து வாலாஜாவுக்குக் கொண்டுபோனார்கள். அக்காவும் அவர்களோடு போய்விட்டாள்.

வண்டி கிளம்பிவிட்டது, பார்த்தீர்களா. பிள்ளை காலைக் கொஞ்சம் ஒதுக்கிக்கொள்கிறேன்.

இப்போது வீட்டில் ஒரு சத்தம் இல்லை அம்மா. கொல்லையில் குரல் கேட்பதில்லை. முன்னே பயந்தேன், இப்போது மத்தியானத்தில் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு காத்திருக்கிறேன். அவர் வேலையிலிருந்து வருவார், காலைக் கழுவுவார், "சாப்பிட்டாச்சா?" என்று கேட்பார். தினமும். நான் ஆச்சு என்றால்தான் இலையில் உட்காருவார். ஒருநாள் சும்மா, இல்லை என்று சொன்னேன். போய் வாசலில் நின்றுகொண்டார், நான் சாப்பிட்டு முடிக்கிற வரைக்கும். அதற்கு மேல் ஒரு வார்த்தை கிடையாது. ஒருத்தி இப்படிக் குடும்பம் நடத்த முடியுமா, சொல்லுங்கள்.

அதற்குத்தான் வாலாஜா போகிறேன். பெரியம்மா வீட்டுக்கு என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறேன், பெரியம்மாவும் அங்கேதான் இருக்கிறாள். சாயந்திரம் முதல் ஆட்டத்துக்குப் போய் முன்னால் உட்கார்ந்து அக்காவிடம் சொல்லப் போகிறேன். பிள்ளையைக் காட்டப் போகிறேன். 'நீ ஒரு வார்த்தை சொல்லு அக்கா, என்னிடம் பேசச் சொல்லு, நீ சொன்னால் அவர் கேட்பார்' என்று. அங்கே இப்போது வேறு ஆள் விளக்குகிறாராம். வயசானவராம், பெண் குரலெல்லாம் வராதாம். வராவிட்டால் என்ன, பேச வேண்டியது அக்காதானே.

ஏன் அம்மா அப்படிப் பார்க்கிறீர்கள்?

கன்னியம்மாவும் இப்படித்தான் ஒரு பார்வை பார்த்தாள், நேற்று நான் புறப்படுகிறேன் என்று சொன்னபோது. நீங்கள் கேட்க வருவது எனக்குத் தெரிகிறது. அவர் அன்றைக்கு அங்கேதான் நின்றார், நான் இல்லை என்று சொல்லவில்லை. நான் திரும்பிப் பார்க்கவில்லை, அதுவும் உண்மை. ஆனால் எனக்கு அவர் தொண்டை தெரியாதா? அவர் பெண் குரலில் பேசினால் மூக்கால்தான் பேசுவார். அதுவுமில்லாமல் பூங்காவனம் என்று கூப்பிட்டதே அந்தக் குரல். கண்ணு என்றதே. இந்தா என்பதைத் தவிர வேறு தெரியாத மனிதர் அப்படிச் சொல்லுவாரா? அன்றைக்கு ராத்திரி அவர் வீட்டுக்கு வந்தார். கண்ணெல்லாம் சிவந்திருந்தது, கற்பூரப் புகை. ஏதாவது சொல்லுவார் என்று நின்றுகொண்டே இருந்தேன். "சாப்பிட்டியா?" என்று கேட்டார். அவ்வளவுதான்.

காவேரிப்பாக்கம் வந்துவிட்டது. உங்கள் ஊர்தானே? மூட்டையை நான் பிடித்துக்கொள்கிறேன், படி உயரமாக இருக்கிறது, பார்த்து இறங்குங்கள். வாயில் வந்ததைச் சொல்லாமலே இறங்கிவிடுங்கள் அம்மா. அது அவர் குரல் என்றால் அக்கா செத்துப்போனவள்தானே. அப்புறம் நான் வாலாஜாவில் இறங்கி யாரைப் போய்ப் பார்ப்பது?